3 மாதம் ஆனால் சஸ்பெண்ட் தானாகவே ரத்தாகுமா? சட்டம் சொல்வது என்ன?

"விசாரணை முடியும் வரை பணியிடை நீக்கம் செய்யப்படுகிறார்." ஒரு அரசு ஊழியரின் கைக்கு இந்த ஒற்றை வரி உத்தரவு வந்ததும், வீட்டில் எழும் முதல் கேள்வி, "எவ்வளவு நாள்?" என்பதுதான். '3 மாசம் தாண்டினா உத்தரவு செல்லாது' என்று சக ஊழியர்கள் ஆறுதல் சொல்வதும் வழக்கம். இது உண்மையா?

சஸ்பெண்ட் என்பது தண்டனையா?

இல்லை. பணியிடை நீக்கம் வேறு, பணி நீக்கம் வேறு. ஊழியர் அதே நாற்காலியில் இருந்தால் ஆவணங்களைத் திருத்தலாம், சாட்சிகளை மிரட்டலாம் என்பதால், விசாரணைக்காக அவரைத் தற்காலிகமாக விலக்கி வைப்பதுதான் சஸ்பெண்ட். வேலை போய்விடாது. ஆனால் குற்றச்சாட்டு என்னவென்றே சொல்லாமல் ஆண்டுக்கணக்கில் வீட்டில் உட்கார வைத்தால், அது தண்டனையைவிட மோசமாகிவிடும்.

3 மாத கணக்கு எங்கிருந்து வந்தது?

அஜய் குமார் சவுத்ரி வழக்கில் 2015 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பிலிருந்து. பாதுகாப்புத் துறை நிலங்களைக் கவனிக்கும் அதிகாரியான அவர், 2011 செப்டம்பரில் சஸ்பெண்ட் செய்யப்பட்டார். அதன்பின் உத்தரவு நீட்டிக்கப்பட்டுக்கொண்டே போனது.

இதில் நீதிமன்றம் 2 விஷயங்களைச் சொன்னது. 3 மாதத்துக்குள் குற்றச்சாட்டு குறிப்பாணை, அதாவது சார்ஜ் மெமோ தரப்படவில்லை என்றால், சஸ்பெண்ட் அதற்கு மேல் நீடிக்கக் கூடாது. மெமோ தரப்பட்டுவிட்டால், ஏன் நீட்டிக்கிறோம் என்று காரணம் சொல்லி உத்தரவு போட வேண்டும். விசாரணைக்கு இடைஞ்சல் வரும் என்ற பயம் இருந்தால், ஊழியரை வேறு இடத்துக்கு மாற்றிக்கொள்ளவும் அரசுக்கு அனுமதி தந்தது.

இதில் ஒரு திருப்பமும் உண்டு. வழக்குப் போட்ட அந்த அதிகாரிக்கே இந்தப் பலன் கிடைக்கவில்லை. தீர்ப்பு வருவதற்குள் அவர் கையில் மெமோ வந்துவிட்டது.

அப்படியென்றால் 91-வது நாள் வேலைக்குப் போகலாமா?

போக முடியாது. பலரும் சறுக்குவது இங்கேதான். 3 மாதம் முடிந்தாலே சஸ்பெண்ட் தானாக ரத்தாகிவிடும் என்பது பொதுவான விதி அல்ல என்று, 2022-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் 3 நீதிபதிகள் அமர்வு தெளிவாகச் சொல்லிவிட்டது. ஒவ்வொரு வழக்கின் தன்மையையும் பார்த்துத்தான் முடிவெடுக்க வேண்டும். லஞ்சப் புகாரில் கையும் களவுமாகச் சிக்கியவரும், அலுவலக நடைமுறையில் தவறு செய்தவரும் ஒன்றல்ல.

அதற்காக அரசு இஷ்டத்துக்கு இழுத்துக்கொண்டே போகவும் முடியாது. தமிழ்நாட்டு ஐ.பி.எஸ். அதிகாரி ஒருவர் 6 ஆண்டுகள் சஸ்பெண்டில் இருந்த வழக்கில், 'இனியும் நீட்டிப்பதில் பயனில்லை' என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் கூறியது. முக்கியத்துவம் குறைந்த பொறுப்பில் அவரை அமர்த்திக்கொள்ளவும் அரசுக்கு வழிவிட்டது.

மத்திய அரசு ஊழியர்களுக்கு?

இங்கு விதியே கறாராக இருக்கிறது. 1965-ம் ஆண்டு விதிகளின் 10-வது பிரிவுப்படி, 90 நாள் முடிவதற்குள் சஸ்பெண்ட் உத்தரவை மறுஆய்வு செய்து நீட்டிக்க வேண்டும். ஒரு முறைக்கு அதிகபட்சம் 180 நாள்தான் நீட்டிக்கலாம். மறுஆய்வைத் தவறவிட்டால் உத்தரவு காலாவதி. ஆனால் 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்ததால் சஸ்பெண்ட் ஆனவர், 90 நாள் முடியும்போதும் காவலில் இருந்தால், விடுதலையான பிறகே இந்த 90 நாள் கணக்கு ஓடும்.

சம்பளம் கிடைக்குமா?

முழுச் சம்பளம் வராது, பிழைப்பூதியம் வரும். மத்திய அரசு ஊழியருக்கு முதல் 3 மாதம் ஏறக்குறைய பாதிச் சம்பளமும் அதற்கான அகவிலைப்படியும் கிடைக்கும். பிறகு தாமதத்துக்கு நிர்வாகம் காரணமென்றால் அந்தத் தொகையை 50 சதவீதம் வரை உயர்த்தலாம். ஊழியர் காரணமென்றால் அதே அளவு குறைக்கலாம்.

தமிழ்நாட்டில் தனியார் நிறுவனத் தொழிலாளர்களுக்காக 1981-ல் தனிச் சட்டமே வந்தது. முதல் 90 நாள் 50 சதவீதம், அடுத்த 90 நாள் 75 சதவீதம், 180 நாள் தாண்டினால் முழு ஊதியம் என்பது அதன் கணக்கு.

இந்தப் பணம் சலுகை அல்ல, உரிமை. கோலார் தங்கச் சுரங்க ஊழியர் ஒருவருக்குப் பிழைப்பூதியம் தரப்படவில்லை. கேரளாவில் இருந்து விசாரணைக்கு வரக் காசில்லை. அவர் இல்லாமலேயே விசாரணையை முடித்து டிஸ்மிஸ் செய்தார்கள். அந்த விசாரணையே செல்லாது என்று 1999-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சஸ்பெண்ட் ஆனவர் என்ன செய்யலாம்?

உத்தரவு கையில் கிடைத்த தேதி, மெமோ வந்த தேதி, நீட்டிப்பு உத்தரவில் காரணம் இருக்கிறதா என்ற மூன்றையும் குறித்து வைக்க வேண்டும். 3 மாதம் தாண்டியும் மெமோ வரவில்லை என்றால், பணியில் சேர்க்கக் கோரி எழுத்துபூர்வமாக மனு கொடுத்து, அதன் நகலையும் பத்திரப்படுத்த வேண்டும். பதில் இல்லையென்றால் மத்திய அரசு ஊழியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தையும், தமிழ்நாடு அரசு ஊழியர்கள் உயர் நீதிமன்றத்தையும் நாடலாம். எந்த மனுவாக இருந்தாலும், நீதிமன்றம் முதலில் பார்க்கப்போவது அந்தத் தேதிகளைத்தான்.