தயிரில் பிசைந்த மாவு: வீட்டு ரொட்டியில் கொழுப்பைக் குறைக்கும் முறையும் அதன் அளவும்

கோதுமை மாவில் தயிரைச் சேர்த்துப் பிசைவது வட இந்தியாவில் நெடுநாளைய வழக்கம். நான், குல்ச்சா, பட்டூரா ஆகிய மூன்றிற்கும் மாவில் தயிர் சேர்ப்பதுண்டு. முதலிரண்டும் அனலில் சுடப்படுவன. மூன்றாவது எண்ணெயில் பொரிக்கப்படுவது. அயர்லாந்து நாட்டிலும் 19ஆம் நூற்றாண்டு முதல் புளித்த மோரையும் சோடாவையும் கொண்டு ரொட்டி சுட்டு வருகின்றனர். ஈஸ்ட் இல்லாமலே மாவை உப்பச் செய்யலாம் என்பதே இவ்வழக்கங்களில் அடங்கிய பொதுவான உண்மையாகும்.

அண்மைக் காலத்தில் இப்பழைய முறை 'கலோரி குறைந்த மாவு' என்னும் புதுப் பெயருடன் நகர வீடுகளில் இடம் பெற்று வருகிறது. வெண்ணெய் வேண்டாம், ஈஸ்ட் வேண்டாம், நெடுநேரம் காத்திருக்கவும் வேண்டாம் என்பது இதன் கவர்ச்சி. உடல் எடையைக் குறைக்க விரும்புவோரும், நீரிழிவு நோயுள்ளோரும் இதனைப் பற்றிக் களப் பணியாளரிடமும் பள்ளி ஆசிரியரிடமும் வினவுவது இயல்பே. இதில் கலோரி உண்மையில் குறைகிறதா? குறைகிறதெனில் எதனோடு ஒப்பிட்டுக் குறைகிறது? எவருக்கு இது ஏற்றது? இவ்வினாக்களுக்குத் தெளிவான விடை அறிந்திருத்தல் அவசியம். ஏனெனில் ஒருவருக்கு நன்மை தரும் யோசனை, அடுத்த வீட்டிலுள்ள மற்றொருவருக்குத் தீங்காகவும் முடியலாம்.

தயிர் செய்யும் வேலை

காய்ச்சி ஆற்றிய பாலில் உறை ஊற்றியதும் லாக்டிக் அமில நுண்ணுயிர்கள் பெருகிப் பாலிலுள்ள சர்க்கரையின் ஒரு பகுதியை லாக்டிக் அமிலமாக மாற்றுகின்றன. இவ்வமிலத்தால் பாலின் புரதம் திரண்டு தயிராகிறது. மிதமாகப் புளித்த தயிரில், 100 கிராமுக்கு ஏறக்குறைய 0.8 கிராம் அமிலம் இருப்பதாகக் கொள்ளலாம். கோடையில் நெடுநேரம் வைத்த தயிரில் இது இன்னும் மிகும்.

ரொட்டி மாவில் நெய், வெண்ணெய் முதலியவற்றைச் சேர்ப்பதற்குக் காரணம் உண்டு. கோதுமையின் புரதம் நீருடன் சேரும்போது நீண்ட இழைகளாகப் பிணைந்து மாவுக்கு இழுவையைத் தருகிறது. கொழுப்பானது மாவின் துகள்களைப் போர்த்தி, அவ்விழைகள் நீண்டு வளராதவாறு தடுக்கிறது; ஆதலின் ரொட்டி மென்மையாகிறது. கொழுப்பை நீக்கிவிட்டு வெறும் நீரில் பிசைந்து தடித்த ரொட்டியாகச் சுட்டால் அது விரைவில் இறுகிப் போவதன் காரணம் இதுவே.

தயிர் இக்குறையை ஓரளவு ஈடு செய்கிறது. அதிலுள்ள நீரும் புரதமும் மாவின் ஈரத்தைக் காக்கின்றன. எஞ்சியுள்ள பாற்சர்க்கரையும் புரதமும் சூட்டில் ஒன்று சேர்ந்து நல்ல பழுப்பு நிறத்தையும் மணத்தையும் தருகின்றன. அதன் அமிலமோ சோடாவுடன் சேர்ந்து கரியமில வாயுவை வெளிப்படுத்தி மாவை உப்பச் செய்கிறது. எனினும் நெய் சேர்த்த ரொட்டியின் பொரபொரப்பைத் தயிரினால் தர இயலாது என்பதையும் முன்னரே சொல்லிவிடுவது நலம்.

தயிரிலுள்ள உயிருள்ள நுண்ணுயிர்கள் இவ்வுணவின் மூலம் குடலுக்குப் பயன் தரும் என்று சிலர் கூறுவர். இது சரியன்று. சுடும்போது ரொட்டியின் உட்புறமும் 90 டிகிரி சென்டிகிரேடுக்கு மேல் சூடேறுவதால் அந்நுண்ணுயிர்கள் மடிந்துவிடுகின்றன. தயிரின் புரதமும் சுண்ணாம்புச் சத்துமே எஞ்சி நிற்கின்றன.

சோடாவின் சரியான அளவு

இம்முறையில் தவறு நேர்வது பெரும்பாலும் சோடாவின் அளவிலேதான். சோடியம் பைகார்பனேட் எனப்படும் சமையல் சோடா, லாக்டிக் அமிலத்துடன் கலக்கும்போது சோடியம் லாக்டேட், நீர், கரியமில வாயு ஆகிய மூன்றும் உண்டாகின்றன. 84 பங்கு எடையுள்ள சோடாவுக்கு 90 பங்கு எடையுள்ள லாக்டிக் அமிலம் தேவை. 150 கிராம் தயிரில் ஏறக்குறைய 1.2 கிராம் அமிலம் உள்ளது, அது 1.1 கிராம் சோடாவுக்கு மட்டுமே ஈடாகும். கால் தேக்கரண்டி சோடாவின் எடை ஏறக்குறைய இதுவே. இச்சிறு அளவிலிருந்து வெளிப்படும் வாயு ஏறக்குறைய 300 மில்லிலிட்டர். ஆறு ரொட்டிகளுக்கு இது போதும்.

உப்பல் மிகும் என்றெண்ணி ஒரு முழுத் தேக்கரண்டி சோடா இட்டால், அதற்கு ஈடு செய்ய 600 கிராமுக்கு மேற்பட்ட தயிர் வேண்டும். அத்தயிர் மாவில் இல்லை. ஈடாகாத சோடா சூட்டில் சோடியம் கார்பனேட்டாக மாறி ரொட்டியிலேயே தங்கிவிடும். அதனால் ரொட்டி மஞ்சளித்துச் சவர்க்காரச் சுவை அடைகிறது. மாவிலுள்ள தயாமின் என்னும் பி1 வைட்டமினும் சிதைகிறது.

சோடாவுக்குப் பதிலாகப் பேக்கிங் பவுடரையும் பயன்படுத்தலாம். அதில் சோடாவுக்கு ஈடான அமிலப் பொருள் முன்னரே கலந்திருப்பதால், தயிரின் புளிப்பு அப்படியே நின்று ரொட்டியில் தெரியும். 200 கிராம் மாவுக்கு இரண்டு தேக்கரண்டி போதும். இதனோடு மேலும் சோடா சேர்க்க வேண்டுவதில்லை.

செய்முறை

கோதுமை மாவு 100 கிராம், மைதா 100 கிராம், மிதமாகப் புளித்த தயிர் 150 கிராம், சமையல் சோடா கால் தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி ஆகியவற்றை எடுத்துக்கொள்ள வேண்டும். தேக்கரண்டியைக் குவியலாக அன்றித் தலை தட்டி அளத்தல் வேண்டும்.

மாவு, சோடா, உப்பு மூன்றையும் சேர்த்து இருமுறை சலிக்க வேண்டும். சோடாக் கட்டிகள் இருப்பின் அவ்விடங்களில் ரொட்டியில் மஞ்சள் புள்ளிகள் தோன்றும். பின்னர்த் தயிரைச் சிறிது சிறிதாகச் சேர்த்து மூன்று நான்கு நிமிடங்கள் பிசைய வேண்டும். தயிர் நீர்த்திருந்தால் முழுவதையும் ஒரே முறையில் ஊற்றலாகாது. கையில் சற்றே ஒட்டும் பதம் ஏற்றது. ஒட்டுகிறதே என்று மேலும் மேலும் மாவைத் தூவினால் ரொட்டி இறுகுவதோடு கலோரியும் கூடும்.

பிசைந்த மாவை ஈரத் துணியால் மூடி 15 நிமிடங்கள் வைக்க வேண்டும். ஈஸ்ட் இட்ட மாவைப் போல் மணிக்கணக்கில் வைத்தலாகாது. சோடாவும் அமிலமும் சேர்ந்தவுடனே வாயு வெளிவரத் தொடங்குவதால், தாமதித்தால் அது வீணே வெளியேறிவிடும். பிறகு மாவை ஆறு சம பாகங்களாக்கி, அரைச் சென்டிமீட்டர் கனத்தில் தட்டிக்கொள்ள வேண்டும். காய்ந்த தோசைக்கல்லில் எண்ணெய் இடாமல், மிதமான தீயில், மூடி போட்டு ஒவ்வொரு புறமும் இரண்டு மூன்று நிமிடங்கள் சுட வேண்டும். மின்சார ரொட்டி அடுப்பு உள்ள வீடுகளில் 220 டிகிரி சென்டிகிரேடில் 10 முதல் 12 நிமிடங்கள் வரை சுடலாம். விரலால் அழுத்தினால் மீண்டும் எழும்புவதும், பிட்டுப் பார்க்கையில் பச்சை மாவின் வாடை இல்லாதிருப்பதும் வெந்தமைக்கு அடையாளங்கள்.

மேலை நாட்டுக் குறிப்புகளில் மாவும் வடித்த கெட்டித் தயிரும் சம எடையில் கூறப்படுகின்றன. அத்தகைய தயிர் விலை மிகுந்தது. வீட்டுத் தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிட்டும் அதனைப் பெறலாம். அவ்வாறு வடிக்கும் தெளிநீரில் பாற்சர்க்கரையும், நீரில் கரையும் சத்துக்களும் உள்ளமையால் அதனைக் கொட்டிவிடலாகாது. குழம்பிலோ மறுநாள் மாவு பிசைவதிலோ பயன்படுத்திக்கொள்ளலாம். மேற்கூறிய அளவுப்படி செய்வதற்கு வடிக்க வேண்டிய அவசியமே இல்லை.

கலோரிக் கணக்கு

இந்திய உணவுகளின் சத்துக்களை அளந்து பட்டியலிடும் பணி, 1918ஆம் ஆண்டில் குன்னூரில் தோன்றிப் பின்னர் ஹைதராபாத்துக்கு மாறிய தேசிய உணவுச் சத்து நிறுவனத்தால் நடத்தப்பட்டு வருகிறது. அது 2017இல் வெளியிட்ட அட்டவணைப்படி, 100 கிராம் கோதுமை மாவில் ஏறக்குறைய 320 கலோரியும், மைதாவில் 350 கலோரியும் உள்ளன. 3 சதவீதக் கொழுப்புள்ள பாலில் உறைந்த தயிர் 100 கிராமில் ஏறக்குறைய 60 கலோரி இருக்கும். நெய், எண்ணெய் ஆகியவை கிராமுக்கு 9 கலோரி தருவன.

மேற்கூறிய 200 கிராம் மாவை மூன்று விதமாகப் பிசைவதாகக் கொள்வோம். வெறும் நீரில் பிசைந்தால் ஒரு ரொட்டிக்கு ஏறக்குறைய 112 கலோரி. 150 கிராம் தயிரில் பிசைந்தால் 127 கலோரி. நீருடன் 40 கிராம் நெய்யோ எண்ணெயோ சேர்த்துப் பிசைந்தால் 172 கலோரி.

இக்கணக்கு கூறுவது யாது? தயிர் மாவில் கலோரி குறைவது நெய் சேர்த்த மாவோடு ஒப்பிடும்போது மட்டுமே. ஒரு ரொட்டிக்கு 45 கலோரி மிச்சமாகிறது. ஆனால் அன்றாடம் நீரில் பிசைந்து சுடும் சாதாரணச் சப்பாத்தியைக் காட்டிலும் தயிர் ரொட்டியில் கலோரி சற்று மிகுதியே. ஆகவே சப்பாத்தியை விட்டுத் தயிர் ரொட்டிக்கு மாறுவோர் எடை குறையும் என்று எதிர்பார்த்தல் வீண். பட்டூராவையும், நெய் ரொட்டியையும், கடையில் விற்கும் வெண்ணெய் நானையும் விட்டு இதற்கு மாறுவோருக்கே பயனுண்டு.

மற்றொன்றும் கவனிக்கத்தக்கது. சுட்ட ரொட்டியின் மேல் ஒரு தேக்கரண்டி நெய் தடவினால், அந்த 5 கிராம் நெய்யே 45 கலோரி தந்து, மிச்சம் பிடித்தது முழுவதையும் ஈடு செய்துவிடும். கொழுப்பு குறைந்த பாலின் தயிரைத் தேடி வாங்குவதால் ஏற்படும் வேறுபாடோ ஒரு ரொட்டிக்கு மூன்று கலோரி அளவே. தயிரின் வகையைவிட, மேலே தடவும் நெய்யும், தட்டில் வைக்கும் ரொட்டிகளின் எண்ணிக்கையுமே முக்கியமானவை.

நார்ச்சத்தைக் கருதினால் கோதுமை மாவே மேலானது. அதில் 100 கிராமுக்கு ஏறக்குறைய 11 கிராம் நார்ச்சத்து உண்டு. மைதாவில் 3 கிராமுக்கும் குறைவு. பழகியபின் மைதாவைக் குறைத்துக்கொண்டே வந்து, முழுவதும் கோதுமை மாவிலேயே செய்யலாம்.

எவருக்கு ஏற்றது, எவருக்கு ஏலாதது

2019-21ஆம் ஆண்டுகளில் நடைபெற்ற தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி, இந்தியாவில் 15 முதல் 49 வயதுவரையுள்ள பெண்களில் 24 சதவீதத்தினர் மிகை எடை உடையவர்கள். அதே கணக்கெடுப்பில், ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் 32 சதவீதத்தினர் வயதுக்கேற்ற எடையில்லாதவர்கள் என்பதும் தெரியவந்தது. ஒரே தெருவில், சில வேளைகளில் ஒரே வீட்டில், இவ்விரு நிலைகளும் உள்ளன.

எனவே மிகை எடையுள்ள தாய்க்குச் சொன்ன யோசனையைக் குழந்தையின் தட்டிற்கும் பொருத்தலாகாது. சிறு குழந்தையின் இரைப்பை சிறியது. குறைந்த அளவு உணவில் மிகுந்த சக்தி அதற்குத் தேவை. எடை குன்றிய குழந்தைக்கு அதே தயிர் ரொட்டியைக் கொடுக்கலாம்; ஆனால் அதன்மேல் நெய் தடவிக் கொடுத்தல் வேண்டும். எடை போதாத கர்ப்பிணிகளுக்கும் இதுவே பொருந்தும். வீட்டில் ஒரே மாவைப் பிசைந்து, நெய்யைத் தட்டுக்குத் தக்கவாறு இடுவதே எளிய வழி.

நீரிழிவு நோயுள்ளோர், கலோரி குறைந்தது என்ற பெயரை நம்பி எண்ணிக்கையைக் கூட்டலாகாது. இந்த ரொட்டியின் சக்தியில் பெரும்பகுதி மாவிலிருந்தே வருகிறது. அம்மாவுச்சத்து இரத்தச் சர்க்கரையை உயர்த்தவே செய்யும். இரத்த அழுத்தமுள்ளோர் உப்பையும் சோடாவையும் சேர்த்தே கணக்கிட வேண்டும். மேற்கூறிய அளவில் ஒரு ரொட்டிக்கு ஏறக்குறைய கால் கிராம் சோடியம் அமைகிறது. வயது வந்தோருக்கு நாளொன்றுக்கு 2 கிராமுக்குக் குறைவான சோடியமே தகும் என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை.

வகுப்பறையில் செய்து காட்ட

மூன்று கண்ணாடித் தம்ளர்களில் முறையே நீர், புதுத் தயிர், நன்கு புளித்த தயிர் ஆகியவற்றைச் சம அளவில் எடுத்து, ஒவ்வொன்றிலும் ஒரு சிட்டிகை சோடா இட்டுக் கலக்கினால், நீரில் நுரை எழாது. புளித்த தயிரில் நுரை மிகுந்து எழும். அமிலத்தின் அளவே உப்பலை நிர்ணயிக்கிறது என்பதை மாணவர் கண்ணாலேயே காண்பர்.

சோடா மிகுந்த ரொட்டியைக் கண்டறிய மஞ்சள்தூள் போதும். சரியான அளவில் ஒன்றும், நான்கு மடங்கு சோடாவுடன் ஒன்றுமாக இரு சிறு ரொட்டிகளைச் சுட்டு, பிட்ட இடத்தை நீரால் நனைத்து மஞ்சள்தூளைத் தேய்க்க வேண்டும். முன்னது மஞ்சளாகவே இருக்கும். பின்னது காரத்தன்மையால் செந்நிறமாகும். இரண்டாவது ரொட்டி சோதனைக்கு மட்டுமே, உண்பதற்கன்று.

இச்சோதனைகளோடு மேற்கூறிய மூன்று கலோரிக் கணக்குகளையும் கரும்பலகையில் எழுதி, தத்தம் வீட்டு ரொட்டி எவ்வகையைச் சேர்ந்தது என்று மாணவர்களையே கணக்கிடச் செய்யலாம். வீடுகளுக்குச் செல்லும் பணியாளரும், யோசனை கூறுமுன், அவ்வீட்டில் இப்போது மாவை எதில் பிசைகின்றனர், ரொட்டியின்மேல் எவ்வளவு நெய் இடுகின்றனர், அதனை உண்போர் எவர் என்னும் மூன்றையும் கேட்டறிதல் வேண்டும்.