எறிந்தது பண்ணை, ஏற்றியது உழைப்பு!

பெரிய ஓட்டல். வெள்ளைச் சீருடை அணிந்த பணியாள், புகை பறக்கும் இரும்புத் தட்டொன்றை ஏந்தி வருகிறார். காரம் தடவி, நெருப்பிலே சுட்டு, நீள நீளமாக நறுக்கிய மாட்டிறைச்சி அதிலே சீறிக்கொண்டிருக்கிறது. சுற்றியிருப்போர் திரும்பிப் பார்க்கின்றனர். 'ஃபஹீட்டா' என்று அதற்குப் பெயர். அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலம் உலகுக்கு அளித்த உணவு என்று பெருமை பேசுகின்றனர்.

அளிக்கட்டும், மகிழ்ச்சி! ஆனால், டெக்சாஸ் என்றால் யார்? மாட்டுப் பண்ணையின் சொந்தக்காரரா? அந்தப் பண்ணையிலே மாடு மேய்த்தவரா? இதைத்தான் நாம் கேட்கிறோம்.

மெக்சிகோவுக்கும் டெக்சாஸுக்கும் எல்லையாக ஓடுகிறது ரியோ கிராண்டே ஆறு. அதன் கரையை அடுத்துப் பரந்து கிடந்தன மாட்டுப் பண்ணைகள். 1930-ஆம் ஆண்டுகளில் அங்கே மாடு மேய்த்தவர்களில் மிகப் பலர் மெக்சிக மரபினர். 'வக்கேரோ' என்பது அவர்கள் பெயர். திரைப்படத்திலே குதிரைமேல் அமர்ந்து சுருக்குக் கயிறு வீசுகிறானே கௌபாய், அவனுக்கு அந்தக் கலையைக் கற்றுத் தந்தவர்கள் இவர்களே. லாஸோ, ராஞ்ச், ரோடியோ ஆகிய சொற்களெல்லாம் ஸ்பானிய மொழியிலிருந்து வந்தவை. கலை இவர்களுடையது, கதாநாயகன் வேடம் மட்டும் வேறொருவருக்கு!

பண்ணையிலே மாடு அறுபட்டால், நல்ல இறைச்சி முதலாளியின் மேசைக்கும் சந்தைக்கும் போகும். தலை, தோல், குடல், பிறகு நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் நடுவே கிடக்கும் ஒரு தசைப்பட்டை இவை வக்கேரோவுக்கு. இனாமாக அல்ல தோழர்களே, கூலியின் ஒரு பகுதியாக! உழைப்புக்கு ஈடாகக் கழிவை அளந்து கொடுத்தது அந்தப் பண்ணை.

அந்தப் பட்டைதான் ஃபஹீட்டா. ஸ்பானிய மொழியிலே 'ஃபாஹா' என்றால் இடுப்புக் கச்சை. ஃபஹீட்டா என்றால் சிறு கச்சை. மாடு மூச்சு விடும்போதெல்லாம் இயங்கும் தசை அது. அதற்கு ஓய்வே இல்லை. ஆகவே அது கடினம். ஆனால் சுவை மிகுதி. முதுகெலும்பின் உட்புறத்தே வேலையின்றிக் கிடக்கும் தசை மெத்தென்றிருக்கும். சுவையிலே இதற்கு ஈடாகாது. உழைத்த தசையின் அருமையை உழைத்தவர்தான் கண்டுகொண்டார்!

எப்படிப் பக்குவம் செய்தார்? ஞாயிற்றுக்கிழமை தம் வீட்டுக் கொல்லையிலே தெற்கு டெக்சாஸ் தொழிலாளி இன்றும் செய்வது அதுதான். மேலே ஒட்டிய சவ்வை உரிப்பார். ஒரு கிலோ இறைச்சி என்றால், உப்பும் மிளகாய்த் தூளும் இரண்டிரண்டு தேக்கரண்டி, சீரகத்தூளும் மிளகுத்தூளும் ஒவ்வொன்று, நசுக்கிய பூண்டு நாலு பல் சேர்த்துத் தடவி ஒரு மணி நேரம் வைத்தால் போதும். கரி நன்றாகக் கனன்று, மேலே சாம்பல் பூக்க வேண்டும். கம்பி வலைக்கு மேலே உள்ளங்கையை நீட்டினால் மூன்று நொடிகூடத் தாங்கக் கூடாது. அதுதான் சரியான அனல். பக்கத்துக்கு மூன்று நிமிடம் சுட்டால் போதும். மெல்லிய பட்டையாகையால், நேரம் கூடினால் தோலாகிவிடும். எடுத்து ஐந்து நிமிடம் ஆறவிட்டு, நார் ஓடும் திசைக்குக் குறுக்கே வெட்ட வேண்டும். சூட்சுமமே இங்கேதான்! நாரின் போக்கிலே வெட்டினால் பல்லுக்கு வேலை; குறுக்கே வெட்டினால் நார் குறுகிப் பஞ்சாகும். எலுமிச்சை பிழிந்து, நம் சப்பாத்தி போன்ற 'டார்ட்டியா'விலே சுருட்டி உண்பர்.

எந்த விறகு தெரியுமா? 'மெஸ்கீட்' என்ற முள்மரம். புல்லை அழிக்கும் களை என்று பண்ணையார்கள் வெறுத்த மரம். நம் இராமநாதபுரத்திலே மூட்டம் போட்டுக் கரி எடுக்கிறார்களே சீமைக்கருவேலம், அதற்கு உடன்பிறப்பான இனம். நம் அம்மியிலே அரைபட்ட மிளகாயும் மெக்சிகோ மண்ணின் பிள்ளைதான். எறிந்த இறைச்சி, வெறுத்த விறகு; இவற்றைக் கொண்டு விருந்து படைத்தவர் கூலிக்காரர்!

பிறகு நடந்ததைப் பாருங்கள். 1969-ஆம் ஆண்டு செப்டம்பரில், கைல் என்ற சிற்றூரின் திருவிழாவிலே, சன்னி ஃபால்கன் என்ற இறைச்சிக் கடைக்காரர் கொட்டகை போட்டு ஃபஹீட்டா விற்றார். 1973-இல் ஹூஸ்டன் நகரிலே, கணவரை இழந்த நின்ஃபா லாரென்சோ, தம் டார்ட்டியாத் தொழிற்கூடத்தின் முன்புறம் பத்து மேசை போட்டு, சுட்ட இறைச்சியைப் பரிமாறினார். கூட்டம் அலைமோதியது. 1982-இல் ஆஸ்டின் நகரத்துப் பெரிய ஓட்டல் ஒன்று அதைச் சீறும் தட்டிலே ஏற்றியது. அதுவும் அந்தப் பட்டையை விட்டுவிட்டு, வேறு மென்மையான இறைச்சியை வைத்து! இன்று கோழி ஃபஹீட்டாவும் உண்டு. கோழிக்கு ஏது அந்தக் கச்சை? பறவைக்கு அந்தத் தசையே கிடையாதே!

பெயர் பரவியது, விலையும் ஏறியது. ஒரு மாட்டிலே வெளிப்பட்டை இரண்டே இரண்டு. கேட்போரோ ஆயிரமாயிரம். கழிவென்று கூலியிலே கழித்துக் கொடுத்த துண்டு, இன்று உயர்ந்த இறைச்சியோடு விலையிலே போட்டியிடுகிறது. அதைச் சுவையாக்கிய வக்கேரோவின் பேரப்பிள்ளை, கசாப்புக் கடையிலே விலை கேட்டுத் தயங்குகிறார்.

ஊரார் சுவைப்பதை நாம் குறை கூறவில்லை. நல்ல உணவு நாலு பேருக்குப் போகட்டும். ஆனால், சரக்குக்கு ஏறிய மதிப்பு, அந்தச் சரக்கை மதிப்புள்ளதாக்கிய கைக்கு ஏன் ஏறவில்லை? டெக்சாஸ் மேய்ச்சல் காட்டிலே மட்டும் கேட்க வேண்டிய கேள்வியா இது? நம் ஆலைவாயிலிலும் களத்துமேட்டிலும் கேட்க வேண்டிய கேள்வி அல்லவா?

பண்ணையார் எறிந்தது வெறும் தசை. அதை உணவாக்கியது உழைப்பாளியின் அறிவு. தட்டு சீறும்போது புகையை மட்டும் பார்க்காதீர்கள், தோழர்களே; புகைக்குப் பின்னே நிற்கும் ஆளையும் பாருங்கள்!