இனாம் குடையும் எட்டணா கப்பலும்

கோவைச் சிறையில் வ. உ. சிதம்பரம் பிள்ளை செக்கிழுத்த கதை கொங்கு நாட்டுச் சிறுவர்களுக்கும் தெரியும். அவர் ஓட்டிய கப்பல் என்ன ஆயிற்று?

கப்பலின் பெயர் 'காலியா'. 1907 மே மாதம் தூத்துக்குடிக்கு வந்தது. 'லாவோ' என்ற இன்னொரு கப்பலும் வந்தது. 25 ரூபாய்ப் பங்குகள் விற்றுப் பணம் திரட்டிய சுதேசிக் கம்பெனியின் கப்பல்கள் இவை.

காலியாவில் முதல் வகுப்பில் 42 பேர், இரண்டாம் வகுப்பில் 24 பேர், சாதாரண வகுப்பில் 1,300 பேர் போகலாம். 4,000 மூட்டைச் சரக்கும் ஏற்றலாம். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் போய் வருவதே அதன் வேலை.

வெள்ளைக்காரரின் பிரிட்டிஷ் இந்தியா கம்பெனி சும்மா இருக்குமா? கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்தது. சுதேசிக் கம்பெனி எட்டணா என்றது. உடனே அவர்கள் காசே வேண்டாம் என்றார்கள். ஏறுகிறவர்களுக்குக் குடையும் இனாம்!

கப்பலுக்கு நிலக்கரி வேண்டும். மாலுமிகளுக்குச் சம்பளம் வேண்டும். எட்டணா டிக்கெட்டில் எத்தனை நாள் ஓட்டுவது? பெரிய கம்பெனிக்கு ஒரு துறைமுகத்தில் நஷ்டம் வந்தால் இன்னொன்றில் சரிக்கட்டலாம். சுதேசிக் கம்பெனிக்குச் சொந்தமாக இருந்ததோ இரண்டே கப்பல்!

1908 மார்ச்சில் சிதம்பரனார் கைதானார். ராஜத்துரோக வழக்கு. ஜூலையில் கோவைச் சிறைக்கு வந்தார். 1910 டிசம்பர் வரை அங்கேதான். வெளியே கம்பெனி தள்ளாடியது. 1911-ல் கலைக்கப்பட்டது. காலியாவும் விலைக்குப் போயிற்று.

வாங்கியவர்கள் யார் தெரியுமா? இனாமாகக் குடை கொடுத்தார்களே, அவர்களேதான்!