மாந்தோப்பில் விழுந்தாலும் ‘சாலை விபத்து’தானா? பைக் காயங்களுக்கு மருத்துவக் குறியீடு இடப்படும் முறை

சித்தூர்: சித்தூரிலிருந்து பலமநேரி வழியாகப் பெங்களூரு செல்லும் நெடுஞ்சாலையில் அமைந்துள்ளது பங்காருபாளையம். மாங்காய்ச் சந்தைக்குப் பெயர் பெற்ற இவ்வூரைக் கடந்தால் மொகிலி மலைப்பாதை தொடங்குகிறது. சுற்றுப்புறத்தில் மாந்தோப்புகளுக்குள் செல்லும் மண்பாதைகள் ஏராளம். இப்பகுதியில் ஒருவர் பைக்கிலிருந்து விழுந்தால், அது நெடுஞ்சாலையிலும் நடந்திருக்கலாம், தோப்புக்குள்ளும் நடந்திருக்கலாம். ஆனால் மருத்துவமனையின் அவசரப் பிரிவில் இரண்டுக்கும் பெரும்பாலும் ஒரே மூன்றெழுத்தே எழுதப்படுகிறது: ஆர்.டி.ஏ., அதாவது சாலை விபத்து.

இந்த மூன்றெழுத்துதான் பின்னர் மருத்துவக் குறியீடாக மாறுகிறது. உலக சுகாதார அமைப்பின் பத்தாவது நோய் வகைப்பாட்டில் (ஐசிடி-10) காயத்துக்கு ஒரு குறியீடும், காயம் ஏற்பட்ட விதத்துக்குத் தனியாக ஒரு குறியீடும் உண்டு. முழங்காலுக்குக் கீழே முன்னெலும்பின் தண்டுப் பகுதி முறிந்தால் எஸ்82.2, காறை எலும்பு முறிந்தால் எஸ்42.0. இவற்றில் குழப்பம் குறைவு. எக்ஸ்ரே படமே பதில் சொல்லிவிடும். சிக்கல் இரண்டாவது குறியீட்டில்தான் உள்ளது.

பைக் ஓட்டிகளுக்கான விபத்துக் குறியீடுகள் வி20 முதல் வி29 வரை உள்ளன. பாதசாரி அல்லது விலங்கு மீது மோதினால் வி20, கார் அல்லது வேன் என்றால் வி23, லாரி அல்லது பேருந்து என்றால் வி24, மரம் போன்ற அசையாப் பொருள் என்றால் வி27. எதன் மீதும் மோதாமல் சறுக்கி விழுந்தால் வி28. புள்ளிக்குப் பின்வரும் எண், விபத்து பொதுச்சாலையில் நடந்ததா, வெளியே நடந்ததா என்பதைக் காட்டுகிறது. மண்பாதையில் சறுக்கி விழுந்த ஓட்டுநருக்கு வி28.0, அதே ஓட்டுநர் நெடுஞ்சாலையில் சறுக்கி விழுந்தால் வி28.4.

விபத்து நடந்த இடம் குறிப்பிடப்படாவிட்டால், அது பொதுச்சாலையில் நடந்ததாகவே கொள்ள வேண்டும் என்பது வகைப்பாட்டின் விதி. கரடுமுரடான நிலத்துக்கென்றே வடிவமைக்கப்பட்ட வாகனங்கள் மட்டும் சம்பந்தப்பட்ட விபத்துக்கு இது தலைகீழாகும்: வேறுவிதமாகச் சொல்லப்படாத வரை அது சாலைக்கு வெளியே நடந்ததாகக் கருதப்படும். அத்தகைய வாகனங்களுக்கு வி86 என்ற தனிப் பிரிவு உள்ளது.

இங்கே பலரும் தடுமாறுகின்றனர். காட்டுப் பாதையில் ஓட்டியதாலேயே ஒரு பைக் வி86 பிரிவுக்குள் வந்துவிடாது. வாகனம் முதன்மையாக எதற்காகத் தயாரிக்கப்பட்டது என்பதே கேள்வி. பதிவெண் பெற்றுச் சாலையில் ஓடும் ஹிமாலயன், எக்ஸ்பல்ஸ் போன்ற சாகச வகை பைக்குகள் மலையேறினாலும் வி20–வி29 பிரிவில் வைப்பதே பொருத்தம். சாலையில் ஓட்டப் பதிவு செய்ய இயலாத, கவாஸகி கேஎக்ஸ் போன்ற பந்தய டர்ட் பைக்குகளின் நிலை வேறு.

அமெரிக்கா பயன்படுத்தும் விரிவான பதிப்பில் இது இன்னும் நுணுக்கமாக உள்ளது. சென்னையில் அமர்ந்து அமெரிக்க மருத்துவமனைகளின் கோப்புகளுக்குக் குறியீடு இடும் இளைஞர்களுக்கு வி86.56எக்ஸ்ஏ பழக்கமானதாக இருக்கலாம்: சாலைக்கு வெளியே டர்ட் பைக் ஓட்டிக் காயமடைந்தவர், தீவிர சிகிச்சைக் கட்டம். கடைசி எழுத்தான ‘ஏ’ முதல் வருகையைக் குறிப்பதாகப் பலர் நினைப்பது தவறு. தீவிர சிகிச்சை நீடிக்கும் வரை அதுவே பொருந்தும். விபத்து நடந்த இடத்துக்கும் அப்பதிப்பில் தனிக் குறியீடு உண்டு. பழத்தோட்டத்துக்கு ஒய்92.74. பங்காருபாளையத்து மாந்தோப்புக்கும் அமெரிக்கக் குறியீட்டு நூலில் ஓர் இடம் இருக்கிறது என்பது சுவையான செய்தி.

எது ‘பொதுச்சாலை’ என்பதிலும் கவனம் தேவை. உரிமையாலோ வழக்கத்தாலோ பொதுமக்கள் சென்றுவரும் பாதை எதுவும் பொதுச்சாலையே என்கிறது வகைப்பாடு. தார் போடப்பட்டிருக்க வேண்டும் என்ற கட்டாயமில்லை. ஊர் மக்கள் காலங்காலமாகப் பயன்படுத்தும் வண்டிப்பாதை இதில் அடங்கும். வேலியிட்ட தோப்புக்குள் உரிமையாளர் மட்டும் பயன்படுத்தும் பாதை அடங்காது. இதைக் குறியீடு இடுபவர் ஊகிக்க முடியாது. மருத்துவர் எழுதியிருந்தால்தான் உண்டு.

இந்தியாவில் இதனால் நோயாளிக்கு என்ன பாதிப்பு? மருத்துவக் காப்பீட்டுக் கோரிக்கைப் படிவத்தில் மருத்துவமனை நிரப்ப வேண்டிய இரண்டாம் பகுதியில் ஐசிடி-10 குறியீடுகளுக்கான கட்டங்கள் உள்ளன. காயம் என்றால் அது சாலை விபத்தா, காவல்துறைக்குத் தெரிவிக்கப்பட்டதா, முதல் தகவல் அறிக்கை எண் என்ன என்ற கேள்விகளும் அதே பகுதியில் உண்டு. தோப்பில் விழுந்தவரின் தாளில் ‘சாலை விபத்து’ என்று இருந்து, காவல்துறை ஆவணம் எதுவும் இல்லாவிட்டால், காப்பீட்டு நிறுவனம் விளக்கம் கேட்பது இயல்பு.

சாலைக்கு வெளியே நடந்தது என்று உண்மையை எழுதினால் பணம் கிடைக்காது என்ற அச்சமும் பலருக்கு இருக்கலாம். காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் 2019-இல் வகுத்த பொது விலக்குகளில் சாகச விளையாட்டுகள் தொடர்பான விலக்கு, தொழில்முறை வீரராகப் பங்கேற்றவர்களையே குறிக்கிறது. மோட்டார் பந்தயமும் அப்பட்டியலில் உள்ளது. விடுமுறை நாளில் பொழுதுபோக்காகப் பைக் ஓட்டியவர் தொழில்முறை வீரர் ஆகமாட்டார். எனினும் தனிநபர் விபத்துக் காப்பீடுகளின் நிபந்தனைகள் வேறாக இருக்கலாம் என்பதால் அவரவர் பாலிசியைப் படிப்பது அவசியம்.

மத்திய அரசு 2025 மே மாதம் அறிவிக்கை செய்த கட்டணமில்லாச் சிகிச்சைத் திட்டத்தில் நிலைமை வேறு. விபத்து நாளிலிருந்து 7 நாள்கள் வரை, ஒருவருக்கு ரூ.1.5 லட்சம் வரை சிகிச்சை அளிக்கும் இத்திட்டம், மோட்டார் வாகனத்தால் சாலையில் நிகழும் விபத்துகளுக்கானது. இங்கே ‘சாலை’ என்ற சொல்லுக்கு முழு எடை உண்டு. எனினும் தகுதியை உறுதிசெய்வது காவல்துறையின் பதிவே. மருத்துவமனை இடும் குறியீடு அல்ல.

மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்குப்படி 2022-இல் நாட்டில் சாலை விபத்துகளில் 1,68,491 பேர் உயிரிழந்தனர். அவர்களில் 74,897 பேர் இருசக்கர வாகனங்களில் சென்றவர்கள். இது காவல்துறை தரும் எண்ணிக்கை. தோப்பிலும் ஏரிக்கரையிலும் விழுந்து காயமடைந்தோர் பற்றிய விவரம் மருத்துவமனைக் குறியீடுகளிலிருந்துதான் வர முடியும். அங்கும் இடம் எழுதப்படாதபோது, விதிப்படி அவர்கள் சாலை விபத்துக் கணக்கில் சேர்ந்துவிடுகிறார்கள்.

காயமடைந்தவருடன் அவசரப் பிரிவுக்குச் செல்பவர் மூன்று விவரங்களைச் சொல்லிப் பதிவு செய்யக் கேட்கலாம்: எந்த இடம், என்ன வாகனம், எதன் மீது மோதியது அல்லது எப்படி விழுந்தார். ஓட்டியவரா, பின்னால் அமர்ந்தவரா என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அதற்கும் குறியீடு மாறும். வீடு திரும்பும்போது தரப்படும் டிஸ்சார்ஜ் சம்மரியில் அவை அப்படியே உள்ளனவா என்று பார்த்துவிட்டு, தவறு இருந்தால் கோரிக்கைப் படிவம் காப்பீட்டு நிறுவனத்துக்குச் செல்வதற்கு முன்பே மருத்துவரிடம் திருத்தம் கோரலாம்.