றித்விக் கட்டக்: மிகையுணர்ச்சியின் நியாயம்

1925 இல் டாக்காவிற் பிறந்து 1976 இல் மறைந்த வங்கத் திரைப்பட நெறியாளர் றித்விக் கட்டக் நிறைவு செய்த கதைப்படங்கள் எட்டேயாகும். 1952 இல் உருவான 'நாகரிக்' அவர் இறந்த பின்னர், 1977 இலேயே திரையிடப்பட்டது.

இப்படங்களின் மிகையுணர்ச்சியைக் குறையெனக் கொள்வாருளர். நாம் அவ்வாறு கருதவில்லை. இந்திய மக்கள் நாடக மன்றத்திற் செயற்பட்ட அவர், மக்கள் அரங்கின் உரத்த குரலைத் திரைக்குக் கொணர்ந்தார். 1947 இன் பிரிவினையால் வீடிழந்தோரின் அவலத்தை அடங்கிய குரலிற் கூறுதல் அவருக்குப் பொய்யாகவே பட்டிருக்கும். (சத்தியஜித் ராயின் அடக்கம் வேறொரு வகைச் சாதனை, ஒருவரைக்கொண்டு மற்றவரை அளத்தல் பயனற்றது.)

'மேகே டாக்கா தாரா' (1960) மனங்கொளத்தக்கது. அகதிக் குடும்பமொன்றைத் தன் ஊதியத்தால் தாங்கும் நீதா, தான் நேசித்தவன் தங்கையை நாடிவிட்டதை அறிந்து படியிறங்குகிறாள். அப்போது சவுக்கடியின் ஓசை கேட்கிறது. காட்சியிலோ சவுக்கு ஏதுமில்லை. ஒருத்தியின் காதல் ஏமாற்றமாக நின்றிருக்கக்கூடியது, அவளது உழைப்பை உண்டு வாழும் குடும்ப அமைப்பின் மீதான குற்றச்சாட்டாக மாறுவது அவ்வோசையினாலேயே. 'கோமல் காந்தார்' (1961) படத்தில், எல்லையில் முடிந்துபோன இருப்புப்பாதை வழியே கமரா விரைந்து சென்று இருளில் மோதுகிறது.

பங்களாதேசம் தோன்றிய பின்னர் அங்கு சென்று உருவாக்கிய 'தித்தாஸ் ஏக்தி நதீர் நாம்' (1973) படத்தில் மீனவரின் ஆறே வற்றிப்போகிறது. இறக்குந் தறுவாயிற் பசந்தி காண்பது, நெல்வயலிடையே ஊதியபடி ஓடும் ஒரு சிறுவனை.