பல்லைப் பிடுங்கியும் தீராத பல்வலி

 

வுளூவின் பர்ளுகளில் நிய்யத்தோடு நாம் முதலில் கழுவுவது முகத்தை. ஸுஜூதில் எம்மைப் படைத்தவன் முன் நிலத்தில் வைப்பதும் முகத்தை. தூங்கி எழும் குழந்தை முதலில் தேடுவது உம்மாவின் முகத்தை. அந்த முகத்தில் ஒரு கை தண்ணீர் பட்டாலே மின்சாரம் தாக்கியதுபோலத் துடித்துப் போகும் பெண்கள் எம் மத்தியில் இருக்கின்றார்கள். கன்னத்தைப் பொத்திக்கொண்டு அடுப்படியில் நிற்கும் அவர்களைக் கேட்டால், "பல்வலி" என்று சொல்வார்கள். பல்லைப் பிடுங்கியிருப்பார்கள். வலி போயிருக்காது. அடுத்த பல்லையும் பிடுங்கியிருப்பார்கள். அப்போதும் போயிருக்காது.

சிலர் கண்ணூறு என்பார்கள். சிலர் செய்வினை என்பார்கள். "இந்தச் சின்ன வலிக்கும் ஸப்ர் இல்லையா?" என்று வீட்டிலேயே ஏசப்படும் பெண்களும் உண்டு. ஓதிப் பார்ப்பதை மார்க்கம் தடுக்கவில்லை. ஆனால் நோய்க்கு மருந்து செய்யுமாறும் நபி (ஸல்) அவர்கள் ஏவியிருக்கின்றார்கள். அபூதாவூத், திர்மிதீ போன்ற கிரந்தங்களில் இது பதிவாகியுள்ளது. ஆகவே இந்த நோயையும், அதற்குப் போடப்படும் விறைப்பு ஊசியையும் பற்றி நாம் அறிந்துகொள்வது அவசியம். அந்த ஊசி உதவவும் செய்யும், ஏமாற்றவும் செய்யும். இந்த இரண்டையும் பிரித்தறிவதில்தான் எத்தனையோ பேருடைய நல்ல பற்கள் தங்கியிருக்கின்றன.

இது என்ன நோய்?

மூளையிலிருந்து முகத்துக்கு வரும் நரம்புகளில் ஐந்தாவது நரம்பு, முகத்தின் உணர்ச்சியைச் சுமந்து செல்வது. வலப்பக்கம் ஒன்று, இடப்பக்கம் ஒன்று. ஒவ்வொன்றும் மூன்று கிளைகளாகப் பிரிகின்றது. ஒன்று நெற்றிக்கும் கண்ணுக்கும், இரண்டாவது கன்னத்துக்கும் மேல்தாடைக்கும், மூன்றாவது கீழ்த்தாடைக்கும் செல்கின்றது. இந்த நரம்பில் எழும் கடும் வலியை வைத்தியர்கள் 'ட்ரைஜெமினல் நியூரால்ஜியா' என்கின்றனர். முகம் ஒரு பக்கம் கோணிப்போகும் முகவாதம் இதுவன்று. அது முகத்தை அசைக்கும் ஏழாவது நரம்பின் நோய்.

இந்த வலிக்குச் சில தனி அடையாளங்கள் உண்டு. பெரும்பாலும் முகத்தின் ஒரு பக்கத்தில் மட்டும் வரும். மின்னல் வெட்டுவதுபோலத் திடீரென்று வந்து, சில வினாடிகளிலிருந்து இரண்டு நிமிடத்துக்குள் நின்றுவிடும். பின்பு மீண்டும் வரும். முகம் கழுவுதல், பல் தீட்டுதல், மெல்லுதல், பேசுதல், குளிர்காற்றுப் படுதல், முகத்திரையின் துணி கன்னத்தில் உரசுதல் போன்ற சாதாரண காரியங்களே அதைக் கிளப்பிவிடும். றக்வான மலைப்பக்கத்தின் விடியற்காலைக் குளிரில் ஸுப்ஹுக்கு வுளூச் செய்வது இப்படிப்பட்ட ஒருவருக்கு எவ்வளவு பெரிய சோதனை என்பதை எண்ணிப் பாருங்கள்! ஐம்பது வயதைத் தாண்டியவர்களுக்கே இது அதிகம் வருகின்றது. ஆண்களை விடப் பெண்களுக்குக் கூடுதலாக வருகின்றது.

பெரும்பாலானோரில் காரணம் வாயில் இல்லை. மூளைக்கு அருகே, நரம்பின் வேரில் ஓர் இரத்தக்குழாய் அழுத்திக்கொண்டிருக்கும். மின்கம்பியின் மேலுறை தேய்ந்தால் கம்பிகள் ஒன்றோடொன்று பட்டுப் பொறி பறப்பதுபோல, நரம்பின் மேலுறை அந்த இடத்தில் தேய்ந்து, சாதாரணத் தொடுகையும் கடும் வலியாக மாறிவிடுகின்றது.

இவ்விடத்தில் எமது முன்னோர் ஒருவரை நினைவுகூர வேண்டும். ஹிஜ்ரி ஆறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் 'ஸகீரயே குவாரஸ்ம்ஷாஹீ' என்ற பெரும் வைத்திய நூலைப் பாரசீக மொழியில் எழுதிய இஸ்மாயீல் அல்-ஜுர்ஜானி, முகத்தின் ஒரு பக்கத்தில் வரும் இத்தகைய வலியைப் பற்றி எழுதி, நரம்புக்கு அருகே இரத்தக்குழாய் இருப்பதைக் காரணமாகக் குறித்திருப்பதாக வைத்திய வரலாற்று ஆய்வாளர்கள் எடுத்துக்காட்டுகின்றனர். அமெரிக்க சத்திர சிகிச்சை நிபுணர் வால்டர் டாண்டி இதே காரணத்தை எடுத்துரைத்தது 1934ஆம் ஆண்டில்தான்.

ஊசி ஏன் ஏமாற்றுகின்றது?

பல்லைப் பிடுங்குமுன் வைத்தியர் ஈறில் விறைப்பு ஊசி போடுகின்றார். சில நிமிடங்களில் வலி அடங்குகின்றது. உடனே நோயாளி, "பல்லை விறைக்க வைத்ததும் வலி நின்றுவிட்டதே! அப்படியென்றால் பல்லில்தான் கோளாறு" என்று முடிவு கட்டிவிடுகின்றாள். பல் போகின்றது. ஊசியின் வேகம் தணிந்ததும் வலி திரும்பி வருகின்றது.

இது ஏன்? நரம்பு ஒரு செய்தியை அனுப்பும்போது அதன் மேற்பரப்பிலுள்ள மிக நுண்ணிய வாசல்கள் வழியாக சோடியம் என்னும் உப்புத் துணிக்கைகள் உள்ளே பாய்கின்றன. லிடோகெயின் அல்லது லிக்னோகெயின் எனப்படும் விறைப்பு மருந்து அந்த வாசல்களைச் சற்று நேரம் அடைத்துவிடுகின்றது. செய்தி போவதில்லை. வலியைத் தூண்டிவிடும் தொடுகை கன்னத்திலிருந்து புறப்பட்டால்தானே நரம்பின் வேரில் பொறி பறக்கும்? தொடுகையே புறப்படாதபோது வலியும் வருவதில்லை. ஆகவே ஈறில் போட்ட ஊசிக்கு வலி நின்றது என்பதால் நோய் ஈறில் இருக்கின்றது என்று ஆகிவிடாது. வாசற்கதவை மூடினால் தெருச்சத்தம் கேட்காது. சத்தம் வாசலில் பிறந்தது என்று யாரும் சொல்வதில்லை.

எனவே சகோதரிகளே, பல்லைப் பிடுங்கச் சம்மதிக்குமுன் பல் வைத்தியரிடம் மூன்று விடயங்களைச் சொல்லுங்கள். வலி எத்தனை வினாடி நிற்கின்றது? எதைத் தொட்டால் வருகின்றது? வலிக்கும் வலிக்குமிடையில் முற்றாகச் சுகமாக இருக்கின்றதா? பல்வலி பெரும்பாலும் மணிக்கணக்கில் குத்திக்கொண்டிருக்கும், சூடு, குளிர், கடித்தல் ஆகியவற்றால் கூடும், இரவில் எழுப்பிவிடும். பல்லில் உண்மையாகவே சொத்தை இருக்கவும் கூடும் என்பதால் எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பது நல்லது. படத்தில் குற்றம் தெரியாத பல்லைப் பிடுங்க அவசரப்படாதீர்கள்.

ஊசி எப்போது உதவுகின்றது?

லிடோகெயினை 1943இல் ஸ்வீடன் நாட்டு இரசாயனவியலாளர் நில்ஸ் லொஃப்கிரென் உருவாக்கினார். 1948 முதல் அது பாவனைக்கு வந்தது. இன்று பல் வைத்தியரின் மேசையில் இருப்பதும் பெரும்பாலும் இதுதான்.

வலி உச்சத்தில் இருக்கும் நோயாளிக்குச் சாப்பிட முடியாது, தண்ணீர் குடிக்க முடியாது, மருந்துக் குளிசையை விழுங்கவும் முடியாது. அந்த வேளையில் வைத்தியர் அவரது புருவத்துக்கு மேலேயோ, கண்ணுக்குக் கீழே கன்ன எலும்பிலோ, நாடியிலோ, நரம்பு எலும்பிலிருந்து வெளிவரும் இடத்தில் மருந்தைச் செலுத்துவார். லிடோகெயின் ஒன்றிரண்டு மணித்தியாலம் நிற்கும். புபிவாகெயின் என்ற மருந்து அதைவிடக் கூடிய நேரம் நிற்கும். சிலருக்கு விறைப்பு நீங்கிய பின்னரும் நாட்கணக்கில் வலி குறைந்திருப்பதுண்டு. எல்லோருக்கும் அப்படி நடக்கும் என்று சொல்ல முடியாது.

மூக்கினுள் தெளிக்கும் முறையும் உண்டு. ஜப்பானிய வைத்தியர்கள் 2006ஆம் ஆண்டில் வெளியிட்ட ஓர் ஆய்வில், இரண்டாம் கிளையில் வலியுள்ள 25 பேருக்கு 8 வீத லிடோகெயினை மூக்கில் தெளித்தபோது, நான்கு மணித்தியாலம் அளவுக்கு வலி தணிந்திருந்தது. அது ஒரு சிறிய ஆய்வு. மிகக் கடுமையான நிலையில், வைத்தியசாலையில் இதயத்துடிப்பைக் கண்காணித்துக்கொண்டு, இதே மருந்தை சேலைன் மூலம் இரத்த நாளத்தில் ஏற்றுவதும் உண்டு.

இவை எல்லாம் ஒரு நோயாளிக்குக் கிடைக்கும் அவகாசம். அந்த அவகாசத்தில் அவர் ஒரு கோப்பைக் கஞ்சி குடிக்கலாம், தூங்கலாம், குளிசை வேலை செய்யும் வரை தாக்குப்பிடிக்கலாம். ஆனால் நோயின் வேரை இவை தொடுவதில்லை. அதை மறந்துவிட வேண்டாம்.

மருந்து கூடிப்போனால் நாக்கு விறைத்தல், காதில் இரைச்சல், தலைச்சுற்று, வலிப்பு, இதயத்துடிப்பில் கோளாறு என்பன ஏற்படலாம். ஆகவே மருந்துக்கடையில் விறைப்பு மருந்தை வாங்கி நீங்களாகத் திரும்பத் திரும்பப் பூசாதீர்கள். தகுதியற்றவர்களிடம் ஊசி போடாதீர்கள். இரத்தம் உறையாமலிருக்க மருந்து எடுப்பவர்களும், முன்பு ஊசிக்கு ஒவ்வாமை ஏற்பட்டவர்களும் அதை முதலிலேயே வைத்தியரிடம் சொல்ல வேண்டும். வாய் விறைத்திருக்கும்போது கொதிக்கும் தேநீர் குடிக்காதீர்கள், சுட்டது தெரியாது. கன்னத்தைக் கடித்துக்கொள்வதும் தெரியாது.

முதன்மையான சிகிச்சை

இந்த நோய்க்கு முதலில் கொடுக்கப்படுவது கார்பமஸெபின் என்ற குளிசை. வலிப்பு நோய்க்குக் கொடுக்கப்படும் மருந்துதான். 1962இல் இந்த வலிக்கும் அது பலனளிப்பது அறிவிக்கப்பட்டது. ஆரம்பத்தில் பலருக்கு நல்ல சுகம் கிடைக்கும். தூக்கக் கலக்கம், தள்ளாட்டம் வரலாம். குளிசை தொடங்கிய முதல் சில வாரங்களில் தோலில் தடிப்போ வாயில் புண்ணோ தோன்றினால் தாமதிக்காமல் வைத்தியரிடம் செல்ல வேண்டும். அது உயிராபத்தாகவும் மாறலாம். கர்ப்பிணிகளும் கர்ப்பம் தரிக்க எண்ணுபவர்களும் முன்கூட்டியே சொல்ல வேண்டும். கர்ப்பத்தடைக் குளிசையின் பலனை இது குறைத்துவிடும். சுகம் வந்துவிட்டது என்று திடீரென நிறுத்தவும் கூடாது.

குளிசை பலனளிக்காதபோது சத்திர சிகிச்சை உண்டு. நரம்பை அழுத்தும் இரத்தக்குழாயை விலக்கி வைக்கும் முறையை அமெரிக்காவின் பீட்டர் ஜனெட்டா 1967 முதல் வளர்த்தெடுத்தார்.

றக்வான வைத்தியசாலையில் காட்டிவிட்டு, அங்கிருந்து கடிதம் பெற்று, கஹவத்தை, பெல்மதுளை வழியாக இரத்தினபுரி போதனா வைத்தியசாலைக்குச் செல்லலாம். தேவைப்பட்டால் நரம்பியல் சத்திர சிகிச்சைப் பிரிவுள்ள கொழும்பு தேசிய வைத்தியசாலைக்கு அங்கிருந்து அனுப்புவார்கள். பஸ்ஸில் ஜன்னலோரம் உட்காராதீர்கள். காற்று வலியைக் கிளப்பும். நாற்பது வயதுக்குக் குறைந்தவருக்கு இந்த வலி வந்தாலும், இரு பக்கமும் வந்தாலும், முகம் நிரந்தரமாக விறைத்திருந்தாலும், காது கேட்பது குறைந்தாலும் ஸ்கேன் பரிசோதனையைத் தாமதிக்க வேண்டாம்.

வுளூவும் நோன்பும்

ஷாபிஈ மத்ஹபின்படி முகத்தைக் கழுவும்போது தண்ணீர் முகம் முழுவதும் ஓடினால் போதும். தேய்ப்பது கடமையல்ல. வாய் கொப்பளிப்பதும் மூக்குக்குத் தண்ணீர் செலுத்துவதும் ஸுன்னத்தே. ஆகவே இளஞ்சூட்டுத் தண்ணீரை மெதுவாக ஓடவிட்டு வுளூச் செய்யலாம். அதுவும் தாங்க முடியாத நிலையில் தயம்மும் சலுகை இருக்கின்றது. எந்த அளவுக்கு, எப்படி என்பதை உங்கள் நிலையை விவரித்து ஓர் ஆலிமிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

தலையில் காயமுற்ற ஒருவருக்குச் சலுகை இல்லை என்று தோழர்கள் கூறியதால் அவர் குளித்து மரணமடைந்தபோது, நபி (ஸல்) அவர்கள் அவர்களைக் கடுமையாகக் கண்டித்ததை அபூதாவூதில் காண்கின்றோம். அறியாமல் பத்வா சொல்லி ஒரு நோயாளியை வருத்துவது எவ்வளவு பாரதூரமானது என்பதற்கு இதைவிட வேறு பாடம் வேண்டுமா?

நோன்பில், தோலிலும் தசையிலும் போடப்படும் ஊசி நோன்பை முறிக்காது என்பதே இக்கால உலமாக்களில் பெரும்பாலோரின் கருத்து. ஈறில் போடும்போது மருந்தை விழுங்கிவிடாமல் துப்பிவிட வேண்டும். மூக்கில் தெளிக்கும் மருந்து உட்பகுதிக்குச் சென்றால் எமது மத்ஹபில் நோன்பு முறியும். ஆகவே அதை இரவில் வைத்துக்கொள்ளுங்கள். குளிசையை ஸஹருக்கும் இப்தாருக்கும் மாற்றலாமா என்று ரமழானுக்கு முன்பே வைத்தியரிடம் கேளுங்கள். முடியாதென்றால் நோயாளிக்கு அல்லாஹ் அளித்த சலுகையை ஏற்றுக்கொள்ளுங்கள்.

வீட்டிலுள்ளவர்களுக்கு

இந்த நோய்க்காரியின் முகத்தில் வீக்கமில்லை, காயமில்லை, காய்ச்சலில்லை. அதனால்தான் வீட்டார் நம்புவதில்லை. கணவன்மாரே, மாமிமாரே, மக்களே! அவள் பேசாமலிருந்தால் கோபத்தில் இருக்கின்றாள் என்று எண்ணாதீர்கள். பேசினால் வலிக்கும் என்ற பயத்தில் இருக்கக்கூடும். உணவை மசித்து, மிதமான சூட்டில் கொடுங்கள். முகம் கழுவ இளஞ்சூட்டுத் தண்ணீர் வைத்துக் கொடுங்கள். வலி வந்த நேரத்தையும் அதைக் கிளப்பிய காரியத்தையும் ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். எழுதத் தெரியாத உம்மாவுக்குப் பிள்ளைகள் எழுதிக் கொடுங்கள். வைத்தியருக்கு அந்தக் கொப்பி பெரும் உதவியாக இருக்கும்.

ஸப்ர் என்பது மருந்தை விட்டுவிட்டு வலியோடு மல்லுக்கட்டுவதல்ல. மருந்தையும் செய்து, முடிவை அல்லாஹ்விடம் ஒப்படைப்பதே ஸப்ர். நோயுற்ற எமது சகோதரிகள் அனைவருக்கும் வல்ல அல்லாஹ் பூரண ஷிபாவை அருள்வானாக! ஆமீன்.