மண்டிக் கணக்கும் மாகாண அரசியலும்

ஈரோட்டில் ஒரு மொத்த வியாபார மண்டியிலே மூட்டைகளுக்கு விலாசம் எழுதவும், சரக்குகளை ஏலங்கூறவும் அமர்த்தப்பட்ட சிறுவன், ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்குப் பின் தமிழ்நாட்டுக் காங்கிரஸ் ஸ்தாபனத்தையே நடத்திச் செல்லும் பொறுப்பை எவ்வாறு எய்தினான் என்பதை விளக்கப் புகுவோர், பெரும்பாலும் ஈ.வெ. ராமசாமியின் சீர்திருத்தக் கொள்கைகளிலிருந்தே தொடங்குகின்றனர். அக்கொள்கைகளின் பெருமையை எவரும் மறுக்க இயலாது. எனினும், மண்டியிலிருந்து தொடங்குவதே முறை என்பது என் துணிபு. வியாபாரத்தை அவர் துறந்த பின்னரும், கொடுத்த காசுக்குக் கணக்குக் கேட்கும் வியாபாரியின் நேர்மை அவரை விட்டு ஒருநாளும் நீங்கவில்லை.

அவர் 1879 செப்டம்பர் 17 அன்று பிறந்தபோது குடும்பம் செல்வத்தை நோக்கி நடந்துகொண்டிருந்தது. தந்தை வெங்கட்ட நாயக்கர் கூலி வேலை செய்து, வண்டி ஓட்டி, சிறு மளிகைக் கடை வைத்து, அதிலிருந்து மொத்த வியாபாரத்திற்கு உயர்ந்தவர். படிப்பில் நாட்டமில்லாத மகனைப் பள்ளியை விட்டு நிறுத்திக் கடையில் உட்கார வைத்தார். ஏலங்கூறுவது எளிய தொழிலன்று. கூட்டத்தில் யார் வாங்க வந்தவர், யார் வேடிக்கை பார்க்க வந்தவர் என்பதை முகத்தைக் கண்டே அறியவும், கடைசி வரிசையில் நிற்பவனுக்கும் எட்டும்படி பச்சைத் தமிழில் பேசவும் அது பழக்குகிறது. வேலையில்லாத நேரங்களில், வீட்டிற்கு வரும் பாகவதர்களையும் பண்டிதர்களையும் மடக்கிப் புராணங்களைப் பற்றி வாதிடுவது அப்பிள்ளைக்கு விருப்பமான பொழுதுபோக்காயிற்று. பிற்காலத்து மேடைகளில் மணிக்கணக்காகப் பாமர மக்களைக் கட்டிப்போட்ட அந்தப் பேச்சின் பிறப்பிடம் இவ்விரண்டுமே என்று நான் கருதுகிறேன். இளமையில் தந்தையோடு மனத்தாங்கல் கொண்டு காசிக்குப் போய்த் திரும்பியபின், மண்டியே மகன் பெயருக்கு மாற்றப்பட்டது.

அக்காலத்தில் சிற்றூர் வியாபாரி ஒருவர் பொதுவாழ்வில் நுழைவதற்கு இயற்கையாக அமைந்த வாயில் நகரசபையே. வரி செலுத்துவோர்க்கே வாக்குரிமை இருந்த காலமாதலால், ஊரில் கடையும் கட்டடமும் உடையோர் அங்கத்தினராவது வழக்கமாக இருந்தது. ஈ.வெ.ரா. ஈரோடு நகரசபைத் தலைவராகிக் குடிநீர்த் திட்டத்தில் சிரத்தை காட்டிய அதே ஆண்டுகளில், பக்கத்துச் சேலத்தில் நகரசபைத் தலைவராக இருந்தவர் சக்கரவர்த்தி ராஜகோபாலாச்சாரியார். அவருடைய சிநேகமும், டாக்டர் வரதராஜுலு நாயுடுவின் தூண்டுதலும் ஈ.வெ.ரா.வைக் காங்கிரசுக்கு அழைத்து வந்தன. 1919-இல் தலைவர் பதவியைத் துறந்தார், வகித்துவந்த மற்றப் பொதுப் பதவிகளையும் விட்டார், மண்டியையும் கைவிட்டார்.

இத்துறவின் அருமை, மண்டி வியாபாரத்தின் இயல்பை அறிந்தவர்க்கே நன்கு விளங்கும். அத்தொழிலில் கைம்முதல் முழுவதும் பெட்டியில் இருப்பதில்லை. பெரும்பகுதி வெளியே கடனாகவும் முன்பணமாகவும் நிற்கும். கொடுத்தவன் கையில் இருப்பவை பத்திரங்களே. அவற்றைப் பணமாக்க வேண்டுமாயின் இறுதியில் கோர்ட்டுப் படியேற வேண்டும். ஒத்துழையாமை இயக்கமோ கோர்ட்டுகளைப் பகிஷ்கரிக்கச் சொல்லிற்று. அவருக்கு வரவேண்டியிருந்த பாக்கி ஏறத்தாழ ரூ.50,000 என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். சேலம் விஜயராகவாச்சாரியார், அப்பத்திரங்களைத் தம் பெயருக்கு மாற்றிக் கொடுத்தால் தாமே வழக்காடி வசூலித்துத் தருவதாகச் சொன்னாராம். தாம் செய்யலாகாது என்று கொண்டதைப் பிறர் கையால் செய்வித்துக்கொள்வதும் கூடாதென்று ஈ.வெ.ரா. மறுத்துவிட்டார். அந்நாளில் இயக்கத்திற்காகச் சிறை சென்றவர் பலர்; வசூலாகக்கூடிய கடனை, அதுவும் யாரும் குறைகூற முடியாத வழி ஒன்று திறந்திருக்கும்போதே, கைவிட்ட வியாபாரி மிக அரியர்.

கதர் மூட்டையைத் தோளில் சுமந்து ஊர் ஊராக விற்றதும், கள்ளுக்குப் பயன்படலாகாதென்று சேலம் தாதம்பட்டியில் தம் தோப்பிலிருந்த 500 தென்னை மரங்களை வெட்டச் செய்ததும், 1921-இல் ஈரோட்டுக் கள்ளுக்கடை மறியலில் அவர் சிறைப்பட, மனைவி நாகம்மையாரும் தங்கை கண்ணம்மாளும் மறியலை ஏற்று நடத்தியதும், 1924-இல் வைக்கம் சென்று இருமுறை சிறையேகியதும் தமிழர் நன்கறிந்தவை.

ஆனால் அவருடைய மாகாண அரசியலின் போக்கை மாற்றியது, பார்வைக்குச் சிறியதாகிய ஒரு வரவு செலவு விஷயம். திருநெல்வேலி ஜில்லா சேரன்மாதேவியில் வ.வே.சு. ஐயர் நடத்திய குருகுலத்திற்குத் தமிழ்நாட்டுக் காங்கிரஸ் ரூ.10,000 உதவ இசைந்து, அதில் ரூ.5,000 கொடுத்திருந்தது. அங்கே பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப் பந்தி நடப்பதாக முறையீடு எழுந்தபோது, காரியதரிசியாக இருந்த ஈ.வெ.ரா. மீதிப் பணத்தைத் தர மறுத்தார். ஐயரோ அவருக்குத் தெரியாமல் மற்றொரு காரியதரிசியிடமிருந்து அத்தொகையைப் பெற்றுக்கொண்டார். தேச பக்தியிலும் தியாகத்திலும் ஐயர் எவருக்கும் குறைந்தவரல்லர். அதனாலேயே இவ்விவகாரம் பலருக்கும் வேதனை அளித்தது. ஆயினும் எல்லாச் சாதியாரும் தந்த பொதுப்பணம், அவர்களுடைய பிள்ளைகளைப் பிரித்து உட்கார வைக்கச் செலவாகலாமா என்ற ஈ.வெ.ரா.வின் கேள்விக்கு, அன்றும் நேரான விடை கிடைக்கவில்லை. இன்றும் கிடைக்குமென்று நான் நம்பவில்லை.

1925 நவம்பரில் காஞ்சீபுரத்தில் திரு.வி.க. தலைமையில் கூடிய மகாநாட்டில், வகுப்புவாரிப் பிரதிநிதித்துவத் தீர்மானம் அனுமதிக்கப்படாது போகவே, ஈ.வெ.ரா. காங்கிரசை விட்டு வெளியேறினார். அதே ஆண்டு மே 2 அன்று ஈரோட்டில் தொடங்கியிருந்த 'குடி அரசு' வார இதழ் அவருடைய புதிய சுயமரியாதை இயக்கத்தின் குரலாயிற்று. பிற்காலத்தில் கையெழுத்திடுவதற்கும் புகைப்படத்திற்கு நிற்பதற்கும்கூட அவர் காசு வாங்கியதைக் கண்டு கருமி என்று சிலர் பழித்தனர். அந்தக் காசும், மண்டி நாளிலிருந்து வந்த குடும்பச் சொத்தும் இயக்கத்தின் பிரசார ஸ்தாபனத்திற்கே சேர்ந்தன.